கமலாம்பிகையின் காலை வண்டி

கமலாம்பிகையை நான் ஒன்பது வருடம் திட்டினேன். பாதி முகத்துக்கு நேரே, மீதி முதுகுக்குப் பின்னால். இன்றைக்கு யாராவது அவரைப் பற்றி ஒரு சொல் குறைத்துச் சொன்னால் எனக்குப் பொத்துக்கொண்டு வருகிறது. ஆகவே இதை எழுதுகிறவள் ரொம்ப நியாயமானவள் என்று நினைத்துக்கொண்டு படிக்க வேண்டாம்.

என் பெயர் ரோஷினி. சிங்கப்பூரில் தேக்கா சந்தைக்குப் பின்னால், ஒரு வீவக அடுக்குமாடி பிளாக்கின் கீழ்த்தளத்தில் இருக்கும் முதியோர் பகல் நிலையம் என் பொறுப்பு. காலை எட்டு மணிக்கு வருவார்கள். உடற்பயிற்சி, சாப்பாடு, கேரம், ஒருவரை ஒருவர் குறை சொல்வது, இதெல்லாம் முடிந்து மாலை வீடு திரும்புவார்கள். நாற்பது பேருக்குத்தான் இடம், காத்திருப்பவர்கள் முப்பது பேர். நிலையத்தை நடத்துவது ஓர் அரசாங்க வாரியம். அந்த வாரியத்தின் நிதிப் பிரிவில் எங்கள் வரவுசெலவைப் பார்த்தவர்தான் கமலாம்பிகை. மூன்று தலைமுறைக்கு முன் யாழ்ப்பாணத்திலிருந்து வந்த குடும்பம். தாத்தா, அப்பா, இவர் என்று எல்லோருமே அரசாங்க மேசைக்குப் பின்னால் உட்கார்ந்தவர்கள். கணவர் காலமாகிவிட்டார், மகன் பெர்த்தில் இருக்கிறார், இவர் மட்டும் ஆங் மோ கியோவில் ஒரு பிளாக்கில் தனியாக இருக்கிறார். கைப்பையில் எப்போதும் ஒரு பென்சில் துருவி வைத்திருப்பார். அவரிடம் எதைக் கேட்டாலும் முதலில் வருவது ஒரே கேள்விதான்: “எந்தப் பையிலேருந்து?”

வாரியத்தில் பணம் இரண்டு பைகளில் இருக்கும். பொருள் வாங்க ஒரு பை. சம்பளம், மின்சாரம், பெட்ரோல் என்று அன்றாடம் நடத்துவதற்கு இன்னொரு பை. ஒரு பை நிரம்பி வழிந்தாலும் மற்றதற்கு மாற்ற முடியாது. போதாக்குறைக்கு மார்ச் முப்பத்தொன்று, நிதியாண்டு முடியும் நாள். அன்றைக்குள் பொருள் கைக்கு வந்து சேராவிட்டால் அதற்கு ஒதுக்கிய பணம் திரும்பிப் போய்விடும். ஆர்டர் போட்டாயிற்று என்று சொன்னால் போதாது. அப்படிச் சொன்னால் கமலாம்பிகை கண்ணாடிக்கு மேலாக ஒரு பார்வை பார்ப்பார். அந்தப் பார்வைக்கு நான் வைத்திருந்த பெயரை இங்கே எழுத முடியாது.

அந்த வருடம் பிப்ரவரியில் பொருள் பையில் பணம் மிச்சம் இருப்பது தெரிந்தது. எனக்குக் கை பரபரத்தது. சக்கர நாற்காலியை அப்படியே தூக்கி உள்ளே ஏற்றும் மேடை வைத்த வேன் ஒன்றுக்கு மூன்று வருடமாக ஆலாய்ப் பறந்துகொண்டிருந்தேன். உடனே விண்ணப்பம் எழுதி அனுப்பினேன். கமலாம்பிகை தொலைபேசியில் கூப்பிட்டார்.

“வேன் சரி. யார் ஓட்டுவாங்க?”

“அத அப்புறம் பாத்துக்கலாம் மேடம். இப்ப விட்டா மார்ச்சுல பணம் போயிரும்.”

 என் கேள்வியைக் குறிப்பில் எழுதி வைக்கிறேன், உங்களுக்குப் பதில் கிடைத்ததும் சொல்லுங்கள் என்றார். இந்த அம்மாவுக்கு எதற்கெடுத்தாலும் ஒரு குறிப்பு என்று முணுமுணுத்துக்கொண்டே வைத்தேன். மார்ச் இருபத்தெட்டாம் தேதி வேன் வந்தது. வெள்ளை வெளேரென்று இருந்தது. கேக் வெட்டினோம், படம் எடுத்தோம். நான் கொஞ்சம் ஆட்டம் போட்டேன் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

அதற்குப் பிறகு வேன் நின்றது. நின்றுகொண்டே இருந்தது. ஓட்டுநர் என்பவர் ஓர் ஆள், ஆளுக்கு ஓர் எண் வேண்டும். வாரியத்தில் வேலை செய்கிற ஒவ்வொருவருக்கும் ஓர் எண் உண்டு. மொத்தம் அறுநூற்றுப் பன்னிரண்டு எண்கள். அறுநூற்றுப் பதின்மூன்று என்று ஒன்று கிடையாது. யாராவது போனால்தான் அந்த எண்ணில் வேறு யாராவது வர முடியும். ஒப்பந்தத்தில் ஆள் வைக்கலாமா என்று பார்த்தேன், அதற்குரிய பையும் ஏப்ரலிலேயே பங்கிடப்பட்டிருந்தது. வண்டி ஓட்டத் தெரியாத நான் வாரத்துக்கு ஒருமுறை பேட்டரி சாகாமல் இருக்க இன்ஜினை மட்டும் போட்டு அணைத்தேன். மைனாக்கள் கூரையில் தங்கள் வேலையைக் காட்டிவிட்டுப் போயின. வாளியும் துணியுமாக அதைத் துடைக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும்.

அப்படியிருக்கும்போதுதான் தங்கராஜு ஐயா விழுந்தார். முப்பத்தொரு வருடம் பேருந்து ஓட்டி ஓய்வு பெற்றவர். ஈசூனில் மகள் நிரஞ்சனாவோடு இருக்கிறார். எங்கள் நிலையத்துக்கு ஆறு வருடமாக எம்ஆர்டி ரயில் பிடித்து வந்துகொண்டிருந்தவர். மே மாதம் பக்கவாதம் வந்து, ஜூன் நடுவில் மருத்துவமனையிலிருந்து சக்கர நாற்காலியில் வீடு திரும்பினார். இடது கை சரியாக வரவில்லை. நிரஞ்சனா ஒரு மருத்துவமனைச் சமையலறையில் காலை ஷிஃப்ட். விடியுமுன் கிளம்ப வேண்டும். பிற்பகல் வேலை முடிந்து நிலையத்துக்கு வந்து அப்பாவை ரயிலில் கூட்டிப்போக அவரால் முடியும். காலையில் கொண்டுவந்து விடத்தான் ஆள் இல்லை. தினமும் சக்கர நாற்காலி டாக்சி என்றால் சம்பளத்தில் பாதி அதற்கே போய்விடும். நாளெல்லாம் தனியாக விடவும் முடியாது. முதியவர்களை அங்கேயே தங்கவைத்துப் பார்த்துக்கொள்ளும் தாதிமை இல்லத்துக்கான விண்ணப்பத்தை அந்தப் பெண் வாங்கி வைத்துவிட்டு, அதை நிரப்ப மனம் வராமல் எனக்குப் போன் செய்து அழுதது.

இதில் கொடுமை என்னவென்றால், வீடு திரும்பி முப்பது நாளுக்குள் நிலையத்துக்கு வராதவரின் இடம் காத்திருப்பவருக்குப் போய்விடும் என்று ஒரு விதி உண்டு. அந்த விதியை எழுதியவள் நானேதான். இரண்டு வருடத்துக்கு முன், யாருமே உட்காராத நாற்காலிகளைப் பார்த்துப் பார்த்து எரிச்சலில் எழுதினேன். அப்போது எவ்வளவு நல்ல விதியாகத் தெரிந்தது! தங்கராஜு ஐயா மகளின் போனை வாங்கிப் பேசினார். பேச்சு மட்டும் அவருக்குத் தெளிவாக இருந்தது.

“ரோஷினி, என் நாற்காலிய யாருக்கும் குடுத்துறாதம்மா.”

நான் அன்றைக்கே கமலாம்பிகையின் அலுவலகத்துக்குப் போனேன். போனேன் என்றா சொன்னேன், பாய்ந்தேன். என் குரல் மூன்றாவது மேசைவரை கேட்டிருக்கும். அவர் எழுந்து என்னைக் கீழே கேன்டீனுக்குக் கூட்டிப்போய், எனக்கு நுரைக்க ஆற்றிய தே தாரிக், தனக்குப் பாலும் சீனியும் இல்லாத தே ஓ என்று இரண்டு டீ வாங்கி வைத்தார். நான் கத்தி முடிக்கும்வரை கேட்டார். பிறகு நிதானமாகச் சொன்னார்.

“இந்த நாட்டுல ஒரு அரசாங்கம் தன் ஆட்சித் தவணைக்குள்ள வர்ற பணத்துலதான் தன் செலவ முடிக்கணும். முன்னாடி இருந்தவங்க சேத்து வச்சதத் தொட முடியாது. தொடணும்னா அதிபரும் சம்மதிக்கணும், சாவி ரெண்டு. அதனால ஒவ்வொரு அமைச்சுக்கும் இவ்ளோதான்னு வரம்பு. அமைச்சு நமக்கு ஒரு வரம்பு போடுது. அது அப்படியே எறங்கி எறங்கி வந்து, உங்க டிரைவர்கிட்ட நிக்குது.”

“தங்கராஜு ஐயா என்ன நாட்டோட கையிருப்பையா கேட்டாரு? ஒரே ஒரு டிரைவர் லா மேடம்.”

“எல்லாருமே ஒரே ஒரு டிரைவர்தான் கேக்குறாங்க, ரோஷினி.”

 எனக்குக் கோபம் இன்னும் கூடியது. பூட்டி வைத்து என்னத்தைக் கண்டோம் என்று கேட்டேன். கொவிட் வந்த வருடம் அந்தக் கையிருப்பைத் திறக்கப் போகிறார்கள் என்று தொலைக்காட்சியில் சொன்னபோது, தட்டிலிருந்த தோசையை மறந்துவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்ததாகச் சொன்னார். முப்பது வருடமாக இல்லை இல்லை என்று சொல்லிவந்தது எதற்காக என்று அன்றைக்குத்தான் தனக்கே முழுதாகப் புரிந்ததாம். நான் அதையெல்லாம் காதில் வாங்கவில்லை. கடைசியாக, அந்த முப்பது நாள் எப்போது முடிகிறது என்று கேட்டார். ஜூலை பதினான்கு என்றேன். ரசீதின் பின்பக்கம் குறித்துக்கொண்டார். குறிக்கத்தான் தெரியும் இந்த அம்மாவுக்கு என்று எம்ஆர்டியில் வரும் வழியெல்லாம் மனசுக்குள் பொரிந்தேன்.

ஜூலை பத்தாம் தேதி, திங்கட்கிழமை. ஏழரை மணிக்கு நான் வந்து பார்த்தால் கார்நிறுத்தத்தில் வேனைக் காணோம்.  சிங்கப்பூரில் வேனைத் திருடுகிறவன் எவன் என்று யோசித்துக்கொண்டே போலீசுக்கு எண்ணை அழுத்தப் போனேன். அதற்குள் வேனே திரும்பி வந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், ஸ்டியரிங்குக்குப் பின்னால் கமலாம்பிகை உட்கார்ந்திருந்தார், முதுகை நேராக நிமிர்த்தி, இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு. வண்டியைக் கோட்டுக்குள் நிறுத்த நான்கு முறை முன்னும் பின்னும் போனார். பிறகு இறங்கி, பின் கதவைத் திறந்து, மேடையை இறக்கினார். தலையைப் படிய வாரி, பவுடர் பூசி, தங்கராஜு ஐயா இறங்கினார்.

“மேடத்துக்கு பிரேக்குலதான் கொஞ்சம் அவசரம். மத்தபடி பரவால்ல,” என்றார் என்னிடம்.

நான் வேனையும் அவரையும் மாறி மாறிப் பார்த்ததும் கமலாம்பிகை, எல்லாவற்றுக்கும் நீங்கள்தான் ஜூலை மூன்றாம் தேதி கையெழுத்துப் போட்டீர்கள் என்றார். உண்மைதான். தொண்டூழியர் விண்ணப்பங்கள் ஒரு கட்டாக என் மேசைக்கு வரும். நான் படிக்காமலே கையெழுத்துப் போட்டுத் தள்ளுவேன். படித்துவிட்டுப் போடுங்கள் என்று ஒன்பது வருடமாக அவர் சொல்லியும் நான் திருந்தியதில்லை. அந்தக் கட்டுக்குள் அவருடைய விண்ணப்பம் இருந்தது. அவருடைய இயக்குநரின் அனுமதி, காப்புறுதி, சாவி பெற்றதற்கான சீட்டு, ஒன்று விடாமல் எல்லாம் இருந்தன. கிளாஸ் த்ரீ ஓட்டுநர் உரிமம் அவரிடம் முப்பது வருடமாக உண்டு. கணவர் போன பிறகு காரை விற்றுவிட்டதால் ஓட்டிப் பழக்கம் விட்டுப்போயிருந்தது. சொந்தக் காசில் மூன்று வகுப்புக்குப் போய்விட்டு வந்திருக்கிறார். தொண்டூழியருக்குச் சம்பளமும் இல்லை, எண்ணும் வேண்டாம். பெட்ரோலுக்கு என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். மார்ச் மாதத்திலேயே வேனுக்கென்று கொஞ்சம் பெட்ரோல் பணத்தை நடத்துகிற பையில் எழுதி வைத்திருந்தாராம். அந்த மனுஷியைத்தான் நான் ஈரமில்லாதவர் என்று எம்ஆர்டியில் பொரிந்தேன்.

இனி அவருடைய காலைப் பயணத்தைக் கேளுங்கள். ஆங் மோ கியோவில் முதல் ரயிலைப் பிடித்து, மாறி, நிலையம் இருக்கும் லிட்டில் இந்தியாவுக்கு வருவார். வேனை எடுத்துக்கொண்டு, வந்த வழியே திரும்பி, தன் வீட்டைத் தாண்டி, வடக்கே ஈசூன் போவார். அங்கிருந்து ஐயாவையும், வழியில் இன்னும் இரண்டு பேரையும் ஏற்றிக்கொண்டு மறுபடி தெற்கே வருவார். அதற்குப் பிறகு அலுவலகம். எனக்குத் தலை சுற்றியது. வண்டியை ராத்திரி உங்கள் பிளாக்கிலேயே நிறுத்திக்கொள்ளுங்களேன், ஒரு மணி நேரம் கூடத் தூங்கலாமே என்றேன்.

“அது அரசாங்கச் சொத்து. வீட்டு வாசல்ல நின்னா நாளைக்கு மார்க்கெட்டுக்கும் எடுத்துட்டுப் போகத் தோணும்,” என்றார்.

இப்படியே ஒன்பது மாதம் ஓடியது. ஐயா பின்னால் உட்கார்ந்துகொண்டு முன்னால் ஓட்டினார். சிடிஇ விரைவுச்சாலையில் நெரிசல், தாம்சன் ரோட்டில் போங்கள், கண்ணாடியைப் பாருங்கள், சிக்னலை இவ்வளவு சீக்கிரம் போட்டால் பின்னால் வருகிறவன் குழம்புவான் என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டே வருவாராம். கமலாம்பிகை எல்லாவற்றுக்கும் சரி என்று சொல்லிவிட்டுத் தன் இஷ்டப்படி ஓட்டுவார். நிரஞ்சனா ஒருநாள் உருளைக்கிழங்குக் கறி வைத்துப் பத்துக் கறிபாப் பொரித்துக் கொடுத்தார். கமலாம்பிகை அன்பளிப்புப் படிவம் ஒன்றை எடுத்துப் பத்துக் கறிபாப் என்று எழுதி, ஒப்புதல் வாங்கி, மறுநாள் ஆறிப்போன பிறகு ஒன்றைத் தின்றார். நன்றாக இருந்தது என்று என்னிடம் மூன்று முறை சொன்னார். ஐயாவின் இடது கை மெல்ல மெல்லக் கேரம் காயைத் தள்ளும் அளவுக்கு வந்தது. தாதிமை இல்ல விண்ணப்பத்தை நிரஞ்சனா கிழித்துப் போட்டார். நான் கமலாம்பிகையை அக்கா என்று கூப்பிட ஆரம்பித்தது எந்த நாளில் என்று நினைவில்லை.

டிசம்பரில் ஒரு மழை நாளில் அக்கா நனைந்துபோய் வந்து தும்மினார். எனக்குப் பொறுக்கவில்லை. அறுபது தாண்டிய மனுஷி எத்தனை நாளைக்கு இப்படி ஓடுவது, மேலிடத்தில் ஒரு ஓட்டுநரைக் கேட்டால் என்ன என்று சண்டை பிடித்தேன். செப்டம்பரிலேயே கேட்டாயிற்று, அடுத்த நிதியாண்டுக்கு ஓர் எண் காலியாகும், யாரோ போகிறார்கள் என்றார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

“யாரா இருந்தா என்னக்கா, நல்லா இருக்கட்டும். போறவங்களுக்கு நானே ஒரு கிலோ ஜிலேபி வாங்கித் தர்றேன்.”

அக்கா சிரித்துக்கொண்டே மூக்கைத் துடைத்தார்.

ஏப்ரல் முதல் தேதி யாக்கூப் வந்தார். ஐம்பது வயது இருக்கும். லாரி ஓட்டியவர், பணிவான மனிதர். நியமனக் கடிதத்தை நீட்டினார். வேன் விஷயத்துக்குப் பிறகு நான் எதையும் படிக்காமல் கையெழுத்துப் போடுவதில்லை. வரிவரியாகப் படித்தேன். ‘இடம் எண் 417, ஓட்டுநர். முன்பு: முதுநிலை நிதி அலுவலர்.’ இன்னொரு முறை படித்தேன். நிதிப் பிரிவுக்குப் போன் செய்தேன். கமலாம்பிகைக்கு மார்ச் கடைசியில் அறுபத்துமூன்று முடிந்துவிட்டது, அறுபத்தெட்டு வரைக்கும் மறுவேலை ஒப்பந்தம் கொடுத்தோம், வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார் என்றார்கள். பிரியாவிடை விருந்துகூட வைக்கவிடவில்லையாம். அதுவும் நடத்துகிற பையில்தானே வரும்.

அன்று சாயங்காலம் ஆங் மோ கியோவுக்குப் போனேன். அக்கா கதவைத் திறந்தார். நான் செருப்பைக் கழற்றும் முன்பே கத்த ஆரம்பித்துவிட்டேன். உங்களுக்கு என்ன பைத்தியமா, இன்னும் ஐந்து வருடம் இருந்திருக்கலாமே, யாரைக் கேட்டு இதைச் செய்தீர்கள் என்றெல்லாம் கேட்டேன். அவர் என்னை உட்காரவைத்தார்.

“வேற யாரோட எண்ண நான் எழுதிக் குடுக்க முடியும், ரோஷினி? எனக்குத் தெரிஞ்சு காலியாகக்கூடியது ஒண்ணுதான் இருந்துச்சு.”

“எங்கிட்ட சொல்லியிருக்கலாமேக்கா.”

“சொன்னா நீ வேணாம்னு நிப்ப.”

ஒன்பது வருடத்தில், இல்லை பத்து வருடத்தில், என்னை அவர் நீ என்று சொன்னது அதுதான் முதல் முறை. நான் அழுதுவிட்டேன். ஜிலேபி வாங்கித் தருகிறேன் என்று சொன்ன என் வாயை நினைத்து அழுதேன். அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். ஓய்வுக்காலத்துக்குச் சேர்த்த மசேநிதிப் பணம் இருக்கிறது, மகன் இருக்கிறான், ஒன்றும் குறையில்லை, தன் மேசையைப் பார்த்துக்கொள்ள நல்ல பிள்ளைகள் மூன்று பேர் இருக்கிறார்கள், வேனுக்குத்தான் யாரும் இல்லை என்றார். அப்புறம் சொன்னார்.

“இன்னிக்குக் காலைலயும் அஞ்சு மணிக்கே முழிப்பு வந்துருச்சு. குளிச்சு, உடுத்திட்டு, வாசல் வரைக்கும் வந்துட்டேன். எங்க போறதுன்னுதான் தெரியல.”

 யாக்கூப்புக்கு வாரத்தில் ஐந்து நாள்தான் வேலை, நிலையம் சனிக்கிழமையும் திறந்திருக்கும் என்றேன். அக்கா கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். அதே பார்வைதான். எழுந்து போய், கைப்பையிலிருந்து ஒரு படிவத்தை எடுத்து வந்து மேசையில் வைத்தார். ஏற்கெனவே நிரப்பி வைத்திருந்தார். சனிக்கிழமைகளில் மட்டும் என்று தெளிவாக எழுதியிருந்தது.

மறுநாள் என் மேசையில் அந்த நான்கு பக்கத்தையும் ஒரு வரி விடாமல் படித்தேன். நான்காவது பக்கத்தில், தொண்டூழியம் செய்ய விரும்புவதற்குக் காரணம் என்ன என்று ஒரு கட்டம் இருக்கிறது. ஐந்து மணிக்கு விழிப்பு வந்துவிடுகிறது என்று பென்சிலால் எழுதி, அதன்மேல் பேனாவால் எழுதியிருந்தார். அப்போதுதான் எனக்கு முதல் படிவம் நினைவுக்கு வந்தது. கோப்பைத் தேடி, போன ஜூலையின் கட்டைப் பிரித்து, நான்காவது பக்கத்தைப் பார்த்தேன்.

‘யார் ஓட்டுவார் என்று பிப்ரவரியில் கேட்டிருந்தேன். இதுவரை பதில் வரவில்லை.’

அதற்குக் கீழே என் கையெழுத்து இருந்தது, படிக்காமல் போட்டது.